தூங்காத மனிதரும் திரும்பி வராத வண்டிகளும்

அந்த எழுத்தர் தூங்கினார் என்று நீங்கள் சொன்னது பொய்.

பத்து வருஷத்துக்கு முன்னால் ஒரு தடவை சொன்னீர்கள். போன மாதம், நம் ஊருக்குப் புது பஸ் விட்ட விழாவில், மேடையேறி மைக்கைப் பிடித்துக்கொண்டு மறுபடியும் சொன்னீர்கள். "ரோட்டுக்கு வண்டி எண்ண வந்த ஆளு உடைமரத்தடியில குறட்டை விட்டாரு, நமக்கு ரோடு வந்துச்சு" என்றீர்கள். கூட்டம் சிரித்தது. என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவன் என் தொடையில் அடித்துச் சிரித்தான். எனக்குத் தொடை வலித்ததே தவிரச் சிரிப்பு வரவில்லை. அந்த மனிதர் ஏழு நாளும் ஒரு நொடிகூடக் கண்ணை மூடவில்லை. எனக்கு எப்படித் தெரியும் என்றால், அவர் எப்போது மூடுவார் என்று வேலிக்குப் பின்னால் வண்டியோடு காத்துக் கிடந்தவன் நான்தான்.

பெயர் எதையும் எழுத மாட்டேன். எழுதினால் வக்கீல் நோட்டீஸ் அனுப்புவீர்கள், அதைப் படிக்க எனக்குக் கண்ணாடி இல்லை. நீங்கள் அன்றைக்குக் கருவாட்டுத் தரகர், இன்றைக்குப் பஞ்சாயத்துத் தலைவர். நான் அன்றைக்கும் வண்டிக்காரன், இன்றைக்கும் வண்டிக்காரன். இந்த அடையாளம் போதும். நம் ஊரில் யாருக்கும் இதற்கு மேல் விளக்கம் வேண்டியதில்லை.

வெளியூர்க்காரர்களுக்காகக் கதையை முதலில் இருந்து சொல்கிறேன்.

சுதந்திரம் வந்து ஏழெட்டு வருஷம் ஆகியிருக்கும். ஜில்லாவின் மேற்கு எல்லையில் இருக்கிற சந்தை ஊரிலிருந்து பரமக்குடி, ராமநாதபுரம் வழியாகக் கடற்கரை ஊர்கள் வரைக்கும் ஒரே தார்ச்சாலை போடப்போகிறார்கள் என்று பேச்சு வந்தது. ராமநாதபுரம் வரைக்கும் தகராறு இல்லை. அதற்குத் தெற்கே கடலுக்குப் போக இரண்டு வண்டிப்பாதைகள் இருந்தன. ஒன்று எங்கள் ஊர் வழி. இன்னொன்று கிழக்கே அடுத்த ஊர் வழி. இரண்டுமே மணல். சக்கரம் அரை அடி புதையும். காலையில் கடற்கரையில் மீனாக ஏற்றியது, ராமநாதபுரம் சந்தையில் இறங்கும்போது மீன் என்று சொல்ல முடியாத ஏதோவாக இருக்கும். வழியிலேயே குழி தோண்டிக் கொட்டிவிட்டு வெறும் வண்டியோடு திரும்பிய நாட்கள் எனக்கு நிறைய உண்டு.

எந்தப் பாதையில் வண்டி அதிகம் போகிறதோ அந்தப் பாதைக்குத் தார் என்று முடிவு செய்தார்கள். இரண்டு பாதையிலும் ஏழு நாள் ஆளை உட்காரவைத்து எண்ணுவார்கள். இந்தச் சேதியை ராமநாதபுரத்தில் இருந்து கொண்டுவந்தவர் நீங்கள். அதை நான் மறுக்கவில்லை. செய்த நல்லதைச் செய்ததாகச் சொல்ல எனக்குத் தெரியும்.

"ஏலே, நம்ம பாதையில ஒரு நாளைக்கு எத்தனை வண்டிலே போகும்?" என்று என்னைக் கேட்டீர்கள்.

"எட்டு போகும்ணே. சந்தையன்னைக்குப் பன்னெண்டு."

"கிழக்க?"

"இருபதுக்குக் கொறையாது."

நீங்கள் கொஞ்ச நேரம் மீசையைத் தடவினீர்கள். பிறகு சொன்னீர்கள்: "நம்மகிட்ட ஆறு வண்டி சும்மா கெடக்குதுல்ல?"

அவ்வளவுதான். திட்டம் முடிந்துவிட்டது.

எண்ண வந்த எழுத்தர் பரமக்குடிக்காரர். ஒல்லியான உடம்பு, கறுப்புக் குடை, தூக்குச்சட்டியில் தயிர்ச்சோறு. பென்சில் தொலைந்துவிடக் கூடாது என்று நூலில் கட்டிச் சட்டைப் பொத்தானில் தொங்கவிட்டிருந்தார். நிரந்தர வேலை இல்லை, தற்காலிகம். இந்த எண்ணிக்கையை ஒழுங்காக முடித்தால் நிரந்தரம் ஆக்குகிறோம் என்று சொல்லி அனுப்பியிருந்தார்கள். முதல் நாளே அவராகத்தான் எங்களிடம் சொன்னார். அப்படி எதையும் மறைக்கத் தெரியாத மனிதர். பாதையோரம் இருந்த உடைமரத்தடியில் மண்ணெண்ணெய் டின்னைக் கவிழ்த்துப் போட்டு உட்கார்ந்தார். காலை ஆறிலிருந்து மாலை ஆறு வரை அவர் வேலை. அதற்கப்புறம் இன்னொரு ஆள் வருவான்.

எங்கள் ஏற்பாடு இதுதான். ஆறு வண்டியும் தெற்கேயிருந்து வந்து அவரைக் கடந்து ராமநாதபுரம் பக்கம் போகும். இரண்டு பர்லாங் தள்ளிப் பனங்கூட்டம். அங்கே மறைவில் திரும்பிக் காய்ந்த கண்மாய்க்குள் இறங்கி, கரைக்குப் பின்னாலேயே ஓட்டி, மறுபடியும் தெற்குப் பக்கம் ஏறும். அங்கே வேலிக்குப் பின்னால் நின்று சுமையை மாற்றி, கூண்டைக் கட்டியோ கழற்றியோ, மாட்டுக் கொம்புக்கு வேறு சாயம் பூசி மறுபடியும் கிளம்பும். முதல் நடைக்குக் காவி. இரண்டாம் நடைக்கு நீலம். மூன்றாம் நடைக்கு ஒரு கொம்பு காவி, ஒரு கொம்பு நீலம்.

மாதம் ஆவணி. முதல் நாளே அவர் கேட்டார்.

"ஏம்ப்பா, பொங்கல் தையில தானே வரும்? இங்கன என்ன ஆவணியில மாட்டுக்குச் சாயம்?"

"எங்க ஊர்ல மாட்டுக்கு வருசத்துக்கு மூணு பொங்கல் சார்" என்றேன்.

"குடுத்து வச்ச மாடுதான்" என்று சொல்லிவிட்டு ஒரு கோடு போட்டார்.

நான்கு கோடு நெடுக்காக, ஐந்தாவது குறுக்காக. அப்படியே கட்டுக் கட்டாகப் போட்டுக்கொண்டே போவார். இடைவெளியில் செம்புத் தண்ணீரைக் கையில் ஊற்றிக் கண்ணைக் கழுவிக்கொள்வார். சுக்கைக் கடித்துக்கொண்டிருப்பார். மத்தியான வெயிலில் காக்கை கூட வாயைத் திறந்தபடி கிளையில் உட்கார்ந்திருக்கும். இவர் நெட்டுக்குத்தாக உட்கார்ந்து பாதையைப் பார்த்துக்கொண்டிருப்பார். கொஞ்சம் அசந்தால் கண்மாயைச் சுற்றாமல் நேராகவே திரும்பிவிடலாம், மாட்டுக்கு நடை மிச்சம் என்று நான் எத்தனை தடவை எட்டிப் பார்த்திருப்பேன்! மனிதர் அசையவில்லை. மூன்றாம் நாள் எனக்கு அவர்மேல் கோபமே வந்தது. இப்படியா ஒரு ஆள் வேலை பார்ப்பான்?

இரண்டாம் நாள் உப்பு மூட்டை, ஓலைக்கட்டு, கருப்பட்டி நிறைத்த ஓலைக் கொட்டான் எல்லாம் சுற்றி முடிந்தது. மூன்றாம் நாள் ஏற்ற ஒன்றும் இல்லை. ஆவணி முகூர்த்த மாதம் அல்லவா, கல்யாண வண்டி விடுவோம் என்று நீங்கள்தான் சொன்னீர்கள். என் வீட்டுக்காரியைக் கல்யாணப் பெண்ணாக உட்காரவைத்தோம். கல்யாணமாகி நாலு வருஷம் ஆனவள். கூண்டு வண்டி, தலை நிறையக் கதம்பம், சுற்றிலும் நாலு பெண்கள், குலவை. காலையில் ஒரு கல்யாணம், பதினோரு மணிக்கு ஒன்று, சாயங்காலம் ஒன்று.

மூன்றாவது கல்யாணத்தில் அவர் எழுந்து நின்று குனிந்து வண்டிக்குள் பார்த்தார்.

"இந்தப் பொண்ணு காலையிலயே போச்சே?"

உள்ளேயிருந்து என் வீட்டுக்காரி சொன்னாள்: "மாப்பிள்ள சரியில்லைங்க. மாத்திக்கிட்டே வாரோம்."

அவர் சிரித்துவிட்டார். கோடு போட்டபடியே, "அடுத்த மாப்பிள்ளையாவது நல்லவனா அமையட்டும்மா" என்றார். மாடு தலையை ஆட்டியதில் கொம்பிலிருந்த ஈரக் காவி அவர் குடைமேல் இழுத்துக்கொண்டு போனது. பதறிப்போய்த் துண்டால் துடைக்கப் போனேன்.

"வேணாம்ப்பா. சாயத்தைக் காயவிட்டு ஓட்டியா. நான் எங்கயும் போக மாட்டேன்" என்றார்.

அப்போதே எனக்குத் தெரிந்துவிட்டது, இவருக்கும் தெரிந்துவிட்டது என்று.

நாலாம் நாள் வாய் திறந்தே சொல்லிவிட்டார். நான் பதநீர் கொண்டுபோய்க் கொடுத்திருந்தேன். குடித்துவிட்டு, என் வலத்து மாட்டைக் காட்டி, "இதுக்குக் காது நுனி அறுந்திருக்கு. காதுக்கும் சாயம் பூசலாம்னு உங்க ஆளுங்களுக்குத் தோணலையா?" என்றார்.

நான் கும்பிட்டே விட்டேன். "சார், எழுதிராதீங்க சார்."

"என்னத்தை எழுத? இந்த மரத்தைத் தாண்டிப் போற வண்டியை எண்ணச் சொன்னாங்க, எண்ணுறேன். ஒரே வண்டி எத்தனை தடவை போகுதுன்னு எழுத நோட்டுல கட்டமே இல்லை. சந்தேகப்படுறது மேல இருக்கவங்க வேலை. அதுக்கு அவங்களுக்குத் தனியாச் சம்பளம்."

ஐந்தாம் நாள் நிஜமாகவே மீன் ஏற்றிப் போனேன். அந்த ஏழு நாளில் என் வண்டி ஓடிய ஒரே நிஜ நடை அது. கடற்கரையிலிருந்து வரும்போதே அச்சாணி முறிந்து, சரிசெய்து, மணலில் சிக்கி, மரத்தடிக்கு வரும்போது மணி பதினொன்றைத் தாண்டிவிட்டது. மீன் நாறிவிட்டது. ராமநாதபுரம் போய்ப் புண்ணியமில்லை. அவருக்கு எதிரிலேயே பள்ளம் பறித்து அவ்வளவையும் கொட்டி மூடினேன். அவர் டின்னை எடுத்துக்கொண்டு காற்றுக்கு எதிர்ப்பக்கம் போய் உட்கார்ந்தார். அதற்கும் கோடு போட்டார். கோடு போட்டுவிட்டு, "இதுக்குத்தான் இவ்வளவு கூத்தா?" என்று மட்டும் கேட்டார்.

"ஆமா சார்" என்றேன்.

ஏழு நாள் முடிந்தது. நோட்டில் முந்நூறுக்கு மேல் வண்டி. நீங்கள் கோழி அடித்து விருந்து வைத்தீர்கள். கிழக்கூர்க்காரர்கள் எங்கள் கால்தூசிக்கு ஆவார்களா என்று பேசிச் சிரித்தோம்.

எட்டாம் நாள் காலையில் ஜீப் வந்தது. பெரிய அதிகாரி இறங்கி மரத்தடியிலேயே நோட்டைப் புரட்டினார். நீங்கள், நான், மற்ற ஐந்து வண்டிக்காரர்கள், பாதி ஊர் அங்கே நின்றோம். எழுத்தர் குடையை மடக்கிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு நின்றார். அதிகாரி முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வந்தார். மறுபடியும் முதல் பக்கத்துக்குப் போனார்.

"ஏன்யா, தெற்கேயிருந்து வடக்கே போற வண்டி முந்நூத்திச் சொச்சம். வடக்கேயிருந்து தெற்கே வந்த வண்டி அம்பத்தி ஒண்ணு. மிச்ச வண்டியெல்லாம் எங்கய்யா?"

அதிகாரி ஜீப்பிலிருந்து இன்னொரு நோட்டை எடுத்தார்.

"ராத்திரி வருதுன்னு சொல்லாதீங்க. ராத்திரி ஆளு நோட்டும் எங்கிட்ட இருக்கு. அதுல பதினோரு வண்டிதான். போகுது, போகுது, போய்க்கிட்டே இருக்கு. ஒண்ணும் வீடு திரும்பலை. ராமநாதபுரத்துல வண்டி மாட்டுக்கெல்லாம் சத்திரம் கட்டி விட்டிருக்காங்களா?"

இன்றைக்கு நினைத்தாலும் எனக்குத் தலையில் அடித்துக்கொள்ளத் தோன்றுகிறது. ஆறு வண்டிக்காரர்கள், ஒரு தரகர், யோசனை சொன்ன ஊர்ப் பெரிய மனிதர்கள் பத்துப் பேர். கொம்புக்குச் சாயம் யோசித்தோம், கல்யாணம் யோசித்தோம், கதம்பத்துக்கு ஆள் அனுப்பினோம். போன வண்டி திரும்பி வர வேண்டும் என்று ஒரு மண்டைக்கும் எட்டவில்லை. திரும்பி வரும்போது அவர் கண்ணில் படக் கூடாது என்பதிலேயே குறியாக இருந்தோம். அதில் மட்டும் நாங்கள் ஒரு குறையும் வைக்கவில்லை. இப்படி ஒரு தப்பைச் செய்ய எங்கள் ஊரில்தான் பிறந்திருக்க வேண்டும். ரோடு வந்தால் லாரி வரும், லாரி வந்தால் என் வண்டியை எவன் கூப்பிடுவான் என்பதே எனக்குத் தோன்றாதபோது, இது எங்கே தோன்றப்போகிறது?

அப்போதுதான் நீங்கள் ஒரு அடி முன்னால் வந்தீர்கள்.

"ஐயா, சொல்லக் கூடாது. ஆனா கேட்டுட்டீங்க. திரும்புற வண்டியெல்லாம் மத்தியானம் வெயில்லதான் வரும். அந்த நேரம் பாத்து சார் கொஞ்சம் கண்ணசந்துருவாரு. வயித்துக்குச் சாப்பிட்டவுடனே தூக்கம் வாரது மனுச சுபாவந்தானே. நாங்க அதைக் குத்தமா எடுத்துக்கலை." பிறகு என் பக்கம் திரும்பினீர்கள். "ஏலே, நீயும் பாத்தேல்ல?"

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். எழுத்தரும் பார்த்தார்.

நான் தலையை ஆட்டினேன்.

இதை நான் மறைக்கவில்லை. நீங்கள் வாயால் செய்ததை நான் தலையால் செய்தேன். கணக்கில் வித்தியாசம் ஒன்றும் இல்லை.

அதிகாரி எழுத்தரிடம் கேட்டார்: "தூங்கினீரா?"

அந்த மனிதருக்கு ஒரு வார்த்தை போதும். 'இவங்க ஆறு வண்டியைச் சுத்திச் சுத்தி விட்டாங்க சார்' என்றால் தீர்ந்தது. அத்தாட்சி அங்கேயே மரத்தில் கட்டிக் கிடந்தது, கொம்பில் மூன்று பூச்சுச் சாயத்தோடு, அறுந்த காதோடு. அவர் அந்த மாட்டைப் பார்த்தார். நான் மீன் புதைத்த மண்மேட்டைப் பார்த்தார். பிறகு சொன்னார்:

"அசந்திருக்கலாம் சார்."

அதிகாரியின் முகம் கடுகடுத்தது. நோட்டில் அவரே சிவப்பு மையால் எழுதினார். போன வண்டி வந்துதான் ஆக வேண்டும் என்று, போன அத்தனைக்கும் திரும்பி வந்ததாகச் சேர்த்து இரட்டிப்பாக்கினார். ஏழு நாளில் மாட்டைக் கொன்று நாங்கள் சேர்த்த அதே அளவை, ஒரு மாடும் நடக்காமல் அவர் ஒரு வரியில் சேர்த்துக் கொடுத்தார். கிழக்கூர் அத்தோடு ஒழிந்தது. எழுத்தர் ஜீப்பின் பின்னால் ஏறி உட்கார்ந்தார். குடையில் காவிக் கோடு தெரிந்தது. அடுத்த வாரம் அந்த ஜீப் ஓட்டியவர் வந்தபோது, அவரை வேலையிலிருந்து நிறுத்திவிட்டார்கள் என்று சொன்னார்.

தலையாட்டிய அன்று வீட்டுக்குப் போனால் அடுப்பு மூட்டவில்லை.

"சோறு?" என்றேன்.

"தூங்காத மனுசனைத் தூங்குனாருன்னு சொன்ன வாய்க்குச் சோறு கேக்குதா?" என்றாள் என் வீட்டுக்காரி.

"நான் எங்கடி சொன்னேன்? தலையத்தான ஆட்டுனேன்."

"அப்ப அந்தத் தலையையே ஆட்டிக்கிட்டுக் கெட. பசி அடங்கும்."

மூன்று தடவை கல்யாணப் பெண்ணாக உட்கார்ந்தவளுக்கு இதைச் சொல்லத் தகுதி உண்டா என்று கேட்க வாயெடுத்தேன். அவள் முகத்தைப் பார்த்து விட்டுவிட்டேன்.

ரோடு வந்தது. மீன் லாரி வந்தது. இப்போது மீன் கண் மூடாமல் சந்தைக்குப் போகிறது. நான் செங்கலும் பனங்கட்டையும் ஏற்றுகிறேன். அந்தக் காதறுந்த மாடு செத்துப்போய், அதன் இடத்தில் வேறு மாடு கட்டியிருக்கிறேன். இதெல்லாம் எனக்குக் குறை இல்லை. ரோடு வேண்டும் என்று சுற்றியவன் நான். சுற்றியதற்கு வருத்தப்படவும் மாட்டேன். மறுபடி எண்ண ஆள் வந்தால் மறுபடி சுற்றுவேன். இந்தத் தடவை திரும்பி வரவும் செய்வேன்.

ஆனால் இரண்டு வருஷத்துக்கு முன்னால் பரமக்குடியில் ஒரு நூல் கடையில் மூட்டை இறக்கப் போனேன். உள்ளே கணக்கெழுதிக்கொண்டிருந்தவர் தலையைத் தூக்கி, "அந்தக் காதறுந்த மாடு இருக்கா?" என்று கேட்டார்.

அவர்தான். தலை நரைத்துவிட்டது. பென்சில் அதே மாதிரி பொத்தானில் தொங்கியது. நான் காலில் விழப் போனேன். பிடித்து நிறுத்தி டீ வாங்கிக் கொடுத்தார். அவர் வாங்கிக் கொடுத்ததுதான் எனக்கு ஆறவில்லை.

"ஏன் சார் அன்னைக்குச் சொல்லலை?" என்று கேட்டேன்.

"சொன்னா உங்களுக்கு ரோடு போயிரும். சொல்லாட்டி எனக்கு வேலை போயிரும்னு அப்பத் தெரியாது. திட்டுவாங்க, அதோட விட்டுருவாங்கன்னு நெனச்சேன்" என்றார். பிறகு சிரித்தார். "வேலை போனது கூடப் பெரிசில்லப்பா. வேற வேலை கெடச்சிருச்சு. எங்க வீட்டுல நம்ப மாட்டேங்குறா. நான் தூங்கலைன்னு இத்தனை வருசமாச் சொல்லிக்கிட்டு இருக்கேன். 'தூங்காமலா அனுப்புனாங்க?'ங்குறா. மத்தியானம் கொஞ்சம் சாய்ஞ்சாப் போதும், 'வண்டி போகுது, எந்திரிங்க'ன்னு பிள்ளைங்க எழுப்புதுக."

சிரித்துக்கொண்டேதான் சொன்னார். நானும் சிரித்தேன். டீயைப் பாதியில் வைத்துவிட்டேன்.

அதற்கப்புறம்தான் நீங்கள் போன மாதம் மேடையேறிக் குறட்டை விட்டுக் காட்டினீர்கள். மைக்கில் அந்தச் சத்தம் நன்றாகவே கேட்டது. அந்தப் புது பஸ் எங்கே போகிறது தெரியுமா? பரமக்குடிக்கு. விழாவுக்கு வந்து சிரித்தவர்களில் பாதிப்பேர் அந்த ஊர்க்காரர்கள்.

ஆகவே கேட்கிறேன். வருகிற தை மாதம் பஸ் நிற்கிற இடத்தில் நிழற்கூடம் திறக்கிறீர்கள். நோட்டீசில் உங்கள் படம் போட்டாகிவிட்டது. அன்றைக்கு நான் பரமக்குடி போய், எழுத்தரையும் அவர் வீட்டம்மாளையும் டிக்கெட் எடுத்து அதே பஸ்ஸில் கூட்டிக்கொண்டு வந்து முன்வரிசையில் உட்கார வைப்பேன். என் வீட்டுக்காரியும் வருவாள். வேண்டுமானால் கதம்பம் வைத்துக்கொண்டே வருவாள். நான் மேடைக்குக் கீழே நின்று, 'நான் தலையாட்டியது பொய்' என்று முதலில் சொல்லிவிடுகிறேன். அதனால் உங்களுக்குத் தனியாக நிற்கிற கூச்சம் வேண்டாம்.

பிறகு உங்கள் முறை. வீட்டுக்குக் கூப்பிட்டு என் காதில் சொல்வது, ஆள்விட்டுச் சொல்வது, 'பழைய கதை எதுக்குலே' என்பது, இதெல்லாம் செல்லாது. குறட்டை விட்ட அதே மைக், அதே வாய், அந்த அம்மாளின் முகத்தைப் பார்த்துச் சொல்ல வேண்டும்.

அந்த மனிதர் தூங்கினாரா, இல்லையா?